“ஆட்டோ எப்பண்ணே போய்ச் சேரும்?”
(சிவகாசியில் ‘கொட்டுக்காளி’ திரையிடலுக்குப் பிறகு பேசியதன் எழுத்து வடிவம்)



படம் ஓடும்போது பின்வரிசையில் ஒரு தம்பி, “ஆட்டோ எப்பண்ணே போய்ச் சேரும்?” என்று கேட்டார். எல்லோரும் சிரித்தோம். அந்தக் கேள்விக்கு மட்டும் பதில் சொல்லிப் பார்க்கிறேன்.

இயக்குநர் பி.எஸ்.வினோத்ராஜ் மேலூர்ப் பக்கத்துக்காரர். சின்ன வயதிலேயே படிப்பை விட்டு மதுரைப் பூ மார்க்கெட்டில் வேலை பார்த்தார், பிறகு திருப்பூரில். சென்னைக்கு வந்து டிவிடி கடையில் வேலை பார்த்தபடி சினிமா பார்த்தார். தீப்பெட்டி ஒட்டிய கைகள் இருக்கும் ஊரில் இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை.

முதல் படம் ‘கூழாங்கல்’, 2021இல் ராட்டர்டாம் விழாவில் டைகர் விருது பெற்றது. அவருடைய சகோதரி கைக்குழந்தையோடு புகுந்த வீட்டிலிருந்து விரட்டப்பட்டு, நடந்தே வந்ததுதான் அதன் விதை. படத்தில் அவர் நடக்கவிடுவது விரட்டுகிற ஆணை. குடிகாரத் தகப்பனும் மகனும் வெயிலில் நடக்கிறார்கள். தாகத்துக்குப் பையன் வாயில் ஒரு கல்லை அதக்கிக்கொள்கிறான். நம் கரிசல் வெயிலில் பஸ் இல்லாமல் நடந்தவர்களுக்கு அந்தப் படம் மெதுவாகத் தெரியாது.

இன்று பார்த்த ‘கொட்டுக்காளி’ 2024இல் வந்தது. பின்னணி இசை கிடையாது. கால் கட்டிய ஒரு சேவல், ஆட்டோவில் பெண்கள், பைக்கில் ஆண்கள். ஒடுக்கப்பட்ட சாதிப் பையனை விரும்பிய மீனாவுக்குப் ‘பேய்’ ஓட்டப் போகிறார்கள். வழியில் எங்கோ ஒலிக்கும் பாட்டை அவள் லேசாக முணுமுணுக்கிறாள். அவ்வளவுதான், பாண்டி அடிக்கத் தொடங்குகிறான். தடுக்க வந்த பெண்களுக்கும் அடி.

உடுமலைப்பேட்டையை நினைத்துக்கொள்ளுங்கள். 2016 மார்ச் 13. சங்கரையும் கௌசல்யாவையும் வெட்டியதைக் கண்காணிப்புக் கேமரா வழியாக நாடே பார்த்தது. சில நொடிகள்தான். அதற்குப் பல மாதங்கள் முன்பே, தன்னைப் பூசாரிகளிடம் அழைத்துப் போய் மனத்தை மாற்றப் பார்த்தார்கள் என்று கௌசல்யா பின்னாளில் சொன்னார். அந்தப் பயணத்தைப் படம்பிடிக்க எந்தக் கேமராவும் இல்லை. அதில் அரிவாள் இருக்காது. அத்தை, சித்தப்பா, மச்சான், வழியில் ஒரு டீ, ‘உன் நல்லதுக்குத்தான்’ என்ற பேச்சு, இவைதான் இருந்திருக்கும். வினோத்ராஜ் நம்மை நூறு நிமிடம் உட்காரவைப்பது அதற்குள்ளேதான். வேகமாக வெட்டி எடுத்திருந்தால் பாண்டி ஒரு வில்லன் ஆகியிருப்பான், நாமும் நிம்மதியாக வீட்டுக்குப் போயிருப்போம்.

எனக்கு இந்தப் படத்தோடு ஒரு சண்டையும் உண்டு. அந்தப் பையன் எங்கே? அவர்களுடைய வசவில் மட்டும் வருகிறான். அவன் தெருவில் அன்றைக்குக் காலை யார் கதவைச் சாத்தினார்கள், யார் எந்த ஊருக்குக் கிளம்பினார்கள் என்று படம் கேட்பதில்லை. ஆதிக்கச் சாதி வீட்டை உள்ளிருந்து காட்டுவது தேவையான வேலை, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் எவ்வளவு பொறுமையான கேமராவும் யாருக்காகக் காத்திருக்கிறது என்பதைக் கேட்டே ஆக வேண்டும். அந்தப் பையனின் காலையை இதே நிதானத்தோடு ஒருவர் எடுத்தால், அதை இதே ஊரில் திரையிட இடம் கிடைக்குமா?

சரி, தம்பி கேட்டதற்கு வருகிறேன். ஆட்டோ போய்ச் சேர்ந்துவிட்டது. அங்கே வேறொரு பெண்ணுக்குச் சாமியார் என்ன செய்கிறார் என்பதைப் பாண்டி பார்க்கிறான். அவன் திரும்புவானா என்று இயக்குநர் சொல்லவில்லை. நானும் சொல்லப்போவதில்லை. இங்கே இருக்கிற பெண்கள் முதலில் பேசட்டும். மைக்கை அந்தப் பக்கம் கொடுங்கள், தோழர்.