தரிசு என்னும் சொல்லும் முக்குருத்தி மலையும்



குறிஞ்சித் திணையைப் பற்றிப் பேசுமாறு என்னைப் பணித்தீர்கள். நூலில் உள்ள குறிஞ்சியை இவ்வவையில் பலர் என்னினும் நன்கறிவர். ஆகவே மண்ணில் உள்ள குறிஞ்சி ஒன்றைப் பற்றிச் சொல்ல விழைகிறேன். நீலகிரியின் மேற்கு விளிம்பில், கேரள எல்லையை ஒட்டி, 2,554 மீட்டர் உயரத்தில் நிற்கும் முக்குருத்தி முடியே அது. கிழக்கிலிருந்து மெல்ல ஏறிச் செல்லும் மலை, உச்சியை எய்தியதும் நிலம்பூர்க் காடுகளை நோக்கிச் செங்குத்தாக வீழ்கிறது. இறந்தோர் உலகம் மேற்கே உளதென நம்பும் தோதவர்க்கு இம்முடி புனிதமானதில் வியப்பில்லை.

முடியைச் சூழ்ந்த 78.46 சதுரக் கிலோமீட்டர் பரப்பு 1982இல் சரணாலயமாகவும், 1990இல் தேசியப் பூங்காவாகவும் அறிவிக்கப்பட்டது. நாம் எண்ணும் காடு அங்கில்லை, பெரும்பகுதி புல்வெளி. மலைமடிப்புகளில், ஓடைகளை ஒட்டி மட்டும் குட்டை மரங்கள் நெருங்கி நிற்கும். அவற்றுக்குச் சோலை என்று பெயர். (அறிவியலார் இச்சொல்லை அப்படியே ஆங்கிலத்தில் எடுத்தாள்கின்றனர். நாமோ அதனைத் திரைப்பாடலுக்கு விட்டுவிட்டோம்.) குளிர்கால உறைபனி திறந்த சரிவுகளில் மரக்கன்றுகளைக் கருக்கிவிடும், புல் தாங்கும். சதுப்பு மண்ணில் படிந்த எச்சங்களை ஆய்ந்த அறிஞர், இப்புல்வெளி பல்லாயிரம் ஆண்டுப் பழமையுடையது என நிறுவியுள்ளனர். சங்கப் புலவர் வருடை எனக் குறித்த வரையாட்டுக்கு இதுவே மேய்ச்சல் நிலம்.

இந்நிலம் வெள்ளையர் கண்ணுக்குத் தரிசாகப் பட்டது. மரமில்லா நிலம் பயனில்லா நிலம் என்பது அவர்கள் கணக்கு. 19ஆம் நூற்றாண்டில் விறகுக்காக ஆஸ்திரேலியாவிலிருந்து சீகை மரத்தையும் தைல மரத்தையும் நீலகிரிக்குக் கொணர்ந்தனர். விடுதலைக்குப் பின் நம்மவர் அக்கணக்கைத் திருத்தவில்லை, பெருக்கினர். சீகைப் பட்டையில் தோல் பதனிடுவதற்கான துவர்ப்புச் சத்து மிகுதி. ஆவாரம்பட்டை கொண்டு தோல் பதனிட்ட காலம் போய்ச் சீகைப் பட்டைக்குத் தேவை எழுந்தது. ஆம்பூரும் வாணியம்பாடியும் நமக்கு அயலூர்களல்ல. பழைய வடஆர்க்காட்டு மாவட்டத்தில் நம்மோடிருந்தவை. அம்மலைப் புல் அழிந்த கதையில் நம் பக்கத்துப் பங்கும் உண்டு.

இன்னொன்றும் உண்டு. அம்மரங்கள் கூழாகி, பவானிக் கரையில் சிறுமுகையில் இயங்கிய விஸ்கோஸ் ஆலையில் ரேயான் இழையாயின. ரேயானுக்குச் செயற்கைப் பட்டு என்று பெயர். புழுவின் கூட்டிலிருந்து எடுத்த இழையைப் பாவும் ஊடையுமாக்கி நெய்யும் ஆரணியில் நின்று இதைச் சொல்கிறேன். மலைப்புல்லை அகற்றி வளர்த்த மரம், நம் பட்டின் பெயரைச் சூடிக்கொண்டு கடைக்கு வந்தது! அந்த ஆலை மூடப்பட்டுவிட்டது. மரம் மட்டும் நிற்கிறது.

நிற்பதோடு அமையவில்லை, பரவுகிறது. சீகை விதை மண்ணுள் பல்லாண்டு உறங்கும். மரத்தை வெட்டினாலோ தீப்பட்டாலோ விதைகள் திரளாக முளைக்கும். புல் குறுகக் குறுக வரையாட்டின் மேய்ச்சல் நிலமும் குறுகிற்று. தமிழ்நாட்டின் மாநில விலங்கான அதனைக் காக்க 2022இல் அரசு தனித்திட்டம் அறிவித்தது. 2024ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் மாநிலம் முழுவதும் காணப்பட்டவை 1,031. நம் ஊரின் ஒரு தெருவில் வாழும் மக்கள்தொகைதான்.

முக்குருத்தியில் சீகையை அகற்றிப் புல்லை மீட்கும் பணியில் வனத்துறை ஈடுபட்டுள்ளது. மரத்தை வெட்டிக் காட்டைக் காப்பதா என்று நகைப்போர் உளர். அவர்கள் இன்னும் பழைய கணக்கிலேயே நிற்கின்றனர். முதிர்ந்த சீகைத் தோப்பின் நிழலில் சோலைக் கன்றுகள் தலைகாட்டுகின்றன, ஆதலால் எல்லாவற்றையும் வெட்டலாகாது என்போரும் உளர். அவர் கூற்றில் உண்மை உண்டு. ஆயினும் முக்குருத்தியின் திறந்த சரிவுகளில் புல்லுக்கே முதலுரிமை என்பது என் துணிபு. ஒருமுறை வெட்டினால் போதாது. ஆண்டுதோறும் கன்றுகளைக் கையால் பிடுங்கி, வெறுமையான இடத்தில் மலைப்புல்லின் தூர்களை ஊன்றவேண்டும். மண்ணில் உறங்கும் விதை தீரும்வரை அப்பணி தொடர வேண்டியிருக்கிறது.