ஒரு நாட் காஞ்சிச் செலவு
(நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



சென்ற திங்கள் நம் சங்கத்தார் ஒரு பேருந்து அமர்த்தி, வழிகாட்டி ஒருவரையும் உடன்கொண்டு, காஞ்சிமாநகருக்கு ஒரு நாட் செலவு மேற்கொண்டமை நீங்கள் அறிந்ததே. (செலவு என்னும் சொல்லுக்குப் பயணம் என்பதே பழம்பொருள், பொருளாளர் அவர்கள் வேறு பொருள் கொண்டு வருந்தற்க.) அதனைப் பற்றிச் சில சொல்லவேண்டுமெனச் செயலாளர் அவர்கள் எம்மைப் பணித்தனர். 'இனிது சென்றோம், இனிது மீண்டோம்' எனக் கூறி அமர்ந்துவிடலாம். அது பொய்யாகாது, ஆயினும் மெய் முழுதும் ஆகாது. எஞ்சிய மெய்யில் எம் குறையும் ஒன்று உளது. அதனையும் மறையாது கூறுவோம்.

நம்மவர் பெரும்பாலார் ஸ்ரீபெரும்புதூர், இருங்காட்டுக்கோட்டை, ஓரகடம் என்னும் ஊர்களிற் பரவியுள்ள தொழிற்பேட்டைகளைச் சார்ந்து வாழ்கின்றனர். முன்னாளில் ஏரிப் பாய்ச்சலை நம்பியிருந்த குடும்பங்கள் இன்று ஷிப்டு மணியை நம்பியிருக்கின்றன. 1998-இல் ஹூண்டாய்க் கார்கள் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து வெளிவரத் தொடங்கியதும், 2006-இல் நோக்கியாத் தொழிற்சாலை ஸ்ரீபெரும்புதூரில் தொடங்கி 2014-இல் மூடப்பட்டதும் நம் பிள்ளைகள் எழுத்துப் பிசகாமற் கூறுவர். அவையும் வரலாறே, அறிந்திருத்தல் நன்றே. ஆனால் ஓரகடத்திலிருந்து வாலாஜாபாத் வழியே ஏறக்குறைய 35 கிலோமீட்டர் சென்றால் அடையக்கூடிய காஞ்சியைப் பற்றி அவர்களை வினவினால், 'கலியாணப் புடவை எடுக்கும் ஊர்' என்பர். சற்று நினைவுடையோர், 2019-ஆம் ஆண்டில் அத்திவரதரைக் காணப்போய்க் கூட்டத்திற் சிக்கியதைக் கூறுவர். அதற்கு மேல் இல்லை. பிள்ளைகளைக் குறைகூற எமக்கு நா எழவில்லை. காரணம் பின்னர் விளங்கும்.

புறப்பட்ட நாள் ஒரு ஞாயிற்றுக்கிழமை. காலை ஆறு மணிக்கு ஓரகடக் கூட்டுரோட்டில் ஏறினோர் நாற்பத்தெட்டுப் பேர். அவருள் மோட்டார்த் தொழிற்சாலையொன்றில் ஒப்பந்த முறையிற் பணிசெய்யும் இளைஞர் ஒருவர் இரவு ஷிப்டு முடித்து, சீருடையோடே நேரே வந்து ஏறினார். அன்று மாலை மிகைநேர வேலை இருந்ததாம். அதன் கூலியை இழந்தே வந்தார் எனப் பின்னர் அறிந்தோம். ஏறியதும் உறங்கிவிட்டார். அவரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

வழியில் எமக்கு நினைவில் எழுந்தது பெரும்பாணாற்றுப்படை. பத்துப்பாட்டுள் ஒன்றாகிய அந்நூல், கடியலூர் உருத்திரங்கண்ணனார் தொண்டைமான் இளந்திரையன்மேற் பாடியது; ஐந்நூறு அடிகளையுடையது. பரிசு பெற்று மீளும் பாணன், எதிர்ப்பட்ட வறிய பாணனைக் கச்சிக்கு ஆற்றுப்படுத்துவதாக அமைந்தது. எந்நிலத்தில் எம்மக்கள் வாழ்வர், அவர் என்ன உணவு இடுவர், உப்பு வணிகரின் வண்டிகள் எவ்வாறு செல்லும், கடற்கரையிற் கலங்களுக்கு வழிகாட்டும் விளக்கு எங்கே எரியும் என்றெல்லாம் அவன் உரைப்பான். இக்காலத்துச் சுற்றுலாத்தாளிற் 'காலைச் சிற்றுண்டி இவ்விடம், பகலுணவு இவ்விடம்' என அச்சிடுவதற்கு மூத்த முறை இதுவே. ஆற்றுப்படுத்துவோனுக்குரிய தகுதி ஒன்றே. அவன் தான் நேரிற் சென்றவனாய், தான் பெற்றதைக் கூறுபவனாய் இருத்தல் வேண்டும். கேட்டதைக் கூறுவோன் ஆற்றுப்படுத்துவோன் ஆகான்.

நிற்க. முதலிற் கயிலாசநாதர் கோயிலை அடைந்தோம். எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இராசசிம்மன் எனப் பெயர்பெற்ற இரண்டாம் நரசிம்மவர்மப் பல்லவன் எடுப்பித்தது. பிற்காலத்துக் கல்வெட்டிற் கச்சிப்பேட்டுப் பெரிய திருக்கற்றளி எனப்படுவது. மணற்கல்லாற் செதுக்கிய சுவரும், திருச்சுற்றைச் சூழ்ந்த சிறுகோயில் ஐம்பத்தெட்டும், அவற்றுட் சிலவற்றின் சுவரில் இன்னும் அழியாது ஒட்டிக்கொண்டிருக்கும் பல்லவர்கால ஓவியத்தின் சிதைவும் கண்டால், ஒரு முழுநாளும் போதாது. நமக்கு வாய்த்தது முக்கால் மணி. அதிலும் பெரும்பகுதி, கருவறையைச் சுற்றியுள்ள குறுகிய வழியில் ஊர்ந்து புகுந்து ஊர்ந்து வெளிவரும் வரிசையிற் கழிந்தது. அவ்வாறு ஊர்ந்தோர்க்கு மறுபிறவி இல்லை என வழிகாட்டி கூறினமையால் ஒருவரும் வரிசையை விட்டிலர். நம் மூத்த அம்மையார் ஒருவர் உடல் பருமனால் நடுவழியில் நின்று, பின்னோர் தாங்கித் தள்ள வெளிவந்து, 'இப்பிறவியே போதும் அப்பா!' என்றனர். எல்லாரும் சிரித்தோம். அவரும் சிரித்தார்.

உறங்கி எழுந்த அவ்விளைஞர் மட்டும் வரிசையிற் சேராது முன்மண்டபத்துத் தூண்களை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார். வழிகாட்டியை நோக்கி, "அண்ணா, இந்தத் தூண்களில் ஏதோ எழுதியிருக்கிறதே, என்ன அது?" என்றார். வழிகாட்டி சிறிதும் தயங்காது, "அரசர்கள் புதையல் வைத்த இடத்துக்குக் குறிப்பு, இன்னும் யாராலும் படிக்க முடியவில்லை" என்றார். இளைஞர் எம் பக்கம் திரும்பி, "அப்படியா ஐயா?" என்றார்.

அப்போது யாம் வாய் திறந்திருத்தல் வேண்டும், திறந்திலேம். வழிகாட்டியைப் பலர் நடுவே மறுத்தல் நாகரிகமன்று என்று ஒரு காரணம் சொல்லிக்கொண்டோம். உண்மைக் காரணம் வேறு. அத்தூண்களில் உள்ளன படிக்கப்பட்டுப் பதிப்பிக்கப்பட்டு நெடுங்காலம் ஆயிற்று என்பதனையும், அவற்றுள் ஒன்றன் பின்புறத்தே கன்னடக் கல்வெட்டு ஒன்று உளது என்பதனையும் யாம் நூலிற் படித்திருந்தோம். ஆனால் அஃது எத்தூண் எனக் காட்ட எமக்குத் தெரியாது. பெரும்பாணாற்றுப்படையை இருபது ஆண்டுகளாக மாணாக்கர்க்குப் பாடஞ்சொல்லி வரும் யாம், அது புகழும் ஊரின் இக்கோயிலினுள் அன்றுதான் முதன்முறை கால்வைத்தோம். காஞ்சிக்குப் பன்முறை சென்றதுண்டு. எல்லாம் முகூர்த்தத்துக்கும் புடவைக்குமே.

அன்று கூறாத விடையை இன்று கூறுகின்றோம். பல்லவர்க்கும் வாதாபிச் சளுக்கியர்க்கும் தலைமுறை தலைமுறையாகப் பகை. 642-ஆம் ஆண்டளவில் முதலாம் நரசிம்மவர்மன் வாதாபியைக் கைப்பற்றினான். ஏறக்குறைய நூறாண்டு கழித்துச் சளுக்கிய வேந்தன் இரண்டாம் விக்கிரமாதித்தன் பழி தீர்க்கும் காலம் பார்த்துப் படையோடு வந்து காஞ்சியுட் புகுந்தான். வென்றவன் கோயிற் பொருளை வாரிச்செல்லுதல் அக்காலத்துக்கு வியப்பன்று. இவனோ ஊரை அழித்திலன். இராசசிம்மேச்சரத்தின் செல்வத்தைக் கண்டு, அதனைக் கவராது இறைவனுக்கே மீள அளித்தான். அதனைத் தன் மொழியாகிய கன்னடத்தில், பகைவன் எடுத்த கோயிலின் தூணிலே பொறித்துச் சென்றான். அவன் தேவி உலோகமாதேவி பின்னர்ப் பட்டதக்கல்லில் எடுப்பித்த பெருங்கோயில், இக்கச்சிக் கோயிலின் சாயலைப் பெரிதும் உடையது என்பர் சிற்பநூல் வல்லார். ஆக, வழிகாட்டி 'புதையல்' என்றது முழுப் பொய்யுமன்று. பொருளைப் பற்றிய எழுத்துத்தான். ஒளித்த பொருளன்று, திருப்பிக் கொடுத்த பொருள்.

பன்னிரண்டு மணிக்குக் கோயில்கள் நடை சாத்திவிட்டன. நான்கு மணிக்குத்தான் மீண்டும் திறக்கும். காஞ்சிக்கு ஒரு நாட் செலவு ஏற்பாடு செய்வோர் எவரும் முதலில் எண்ண வேண்டியது இந்த நான்கு மணி நேரத்தையே. எண்ணாதார்க்காகப் புடவைக் கடைகள் எண்ணி வைத்திருக்கின்றன. பகலுணவு முடிந்ததும் பேருந்து ஒரு பெருங்கடையின் வாயிலிற் போய் நின்றது. குளிர்ந்த அறை, மோர், நாற்காலி எல்லாம் கிடைத்தன. வெயிலில் வாடிய தாய்மார் மகிழ்ந்தனர் என்பதை மறைப்பது நேர்மையன்று. இரண்டரை மணி நேரம் அங்கே கழிந்தது. வழிகாட்டிக்கு விற்பனையிற் பங்கு உண்டாம். அவரை யாம் பழித்தோமல்லேம். நாட்கூலி சிறிதாகவும் பங்கு பெரிதாகவும் வைத்தால், யாராயினும் தூணைவிடக் கடையையே நன்கு காட்டுவர்.

எம் வருத்தம் வேறு. புடவை கண்டோம், நெய்வாரைக் கண்டிலேம். பட்டு பெரும்பாலும் கருநாடகத்திலிருந்தும் சரிகை சூரத்திலிருந்தும் வந்து சேர, இரண்டையும் ஒன்றாக்கும் கை மட்டுமே காஞ்சியினது. கோர்வைப் புடவையிற் கரைக்கு ஒரு நிறமும் உடலுக்கு ஒரு நிறமும் நிற்க வேண்டி, நெய்வோர்க்குத் துணையாக மற்றொருவர் பக்கத்திலிருந்து நாடா எறிவர். இதனைத் தறியருகே நின்று கால் மணி கண்டால், பின்னர் ஒரு புடவையின் விலையை வாய்கூசாது குறைத்துக் கேட்க யாருக்கும் மனம் வாராது. கடையின் மூலையில் ஒரு தறி இருந்தது. அதன்மேல் விலைச்சீட்டுகளை அடுக்கி வைத்திருந்தார்கள்.

நாலரை மணிக்கு வைகுந்தப் பெருமாள் கோயில். 'பதினைந்து நிமிடம்' என்றார் வழிகாட்டி. ஏகாம்பரநாதர் கோயிலுக்கும் வரதராசர் கோயிலுக்கும் இருட்டுமுன் செல்லவேண்டுமே! மற்றவை எல்லாம் விரைந்து கண்டாலும் மனம் ஒப்பும். இக்கோயிலை விரைந்து காண்டல் ஒரு நூலின் அட்டையைத் தடவிவிட்டு வைத்தல் போலும். சிங்கத்தூண்கள் தாங்கும் திருச்சுற்று மாளிகையின் சுவரெங்கும், பல்லவர் வரலாறே வரிசை வரிசையாகச் சிற்பமாகச் செதுக்கப்பட்டுள்ளது. சிலவற்றின் அருகே விளக்கமும் வெட்டப்பட்டுள்ளது.

அதில் ஒரு பகுதி மட்டும் கூறுவோம். 731-ஆம் ஆண்டளவில் இரண்டாம் பரமேசுவரவர்மன் வழித்தோன்றல் இன்றி மறைந்தான். நாடு அரசின்றி நின்றது. நகரத்துப் பெரியோரும் கடிகையாரும், அரச மரபின் கிளை ஒன்றிற் பிறந்த இரணியவர்மனிடம் சென்று ஓர் அரசனை வேண்டினர். அவனுக்கு மக்கள் நால்வர். மூவர் மறுத்தனர். பன்னிரண்டு ஆண்டே நிரம்பிய இளையோன் பல்லவமல்லன் 'யான் செல்வேன்' என்றான். தந்தை அஞ்சினான், சிறுவனோ புறப்பட்டான். அவனே இரண்டாம் நந்திவர்மனாகி அறுபது ஆண்டுகளுக்கு மேல் ஆண்டவன், இக்கோயிலை எடுப்பித்தவன். விக்கிரமாதித்தன் காஞ்சியுட் புகுந்ததும் இவன் காலத்தேதான். ஆதலின் காலையிற் கண்ட தூணும் மாலையிற் கண்ட சுவரும் ஒரே கதையின் இரண்டு ஏடுகள். இதனை நாற்பத்தெட்டுப் பேருக்கும் யாரேனும் ஒருவர் சொல்லியிருக்கலாம்.

இச்சிற்பங்களை வரிசைப்படுத்தி ஆராய்ந்து நூல் எழுதியவர் ஒரு பெண்மணி. டாக்டர் மீனாட்சி என்னும் அவ்வம்மையார், சென்னைப் பல்கலைக்கழகத்தில் 1936-இல் ஆராய்ச்சிப் பட்டம் பெற்றவர். 1940-இல் இளமையிலேயே மறைந்தார். அவர் எழுதிய இந்நூலைத் தொல்பொருள் துறையார் மறு ஆண்டில் வெளியிட்டனர். நம் பெண்குழந்தைகள் பதினொருவர் அன்று வந்திருந்தனர். அம்மையார் பெயர்கூட அவர்கள் செவியிற் படவில்லை. இதற்கும் யாமே பொறுப்பு.

ஏகாம்பரநாதர் கோபுரத்தை அந்தி மயக்கத்திற் கண்டதும், வரதராசர் கோயிலில் நெரிசலில் நின்றதும், குடலை இட்லி உண்டதும் விரித்துரைக்க வேண்டா. இட்லி நன்று.

இனி, அடுத்த ஆண்டு தஞ்சைக்கும் மதுரைக்கும் போகலாம் என நிருவாகக் குழுவிற் சிலர் விரும்புகின்றனர். யாம் வேறொன்று வேண்டுகின்றோம். மீண்டும் காஞ்சிக்கே போவோம். இரண்டு கோயில் மட்டும் போவோம். காலையிற் கயிலாசநாதர், மாலையில் வைகுந்தப் பெருமாள், நடைசாத்திய நேரத்தில் நெசவாளர் வீடு ஒன்றிற் குழித்தறியின் அருகே ஒரு மணி நேரம். வாங்க விரும்புவோர் கூட்டுறவுச் சங்கத்தில் வாங்கட்டும். வழிகாட்டியை விலக்க வேண்டா. அவருக்கு விற்பனைப் பங்கை நம்பியிராதபடி முழுக்கூலி பேசிவிடுவோம். அவர் அறிந்த வழியும் வாயிலும் நமக்கு வேண்டும். நடக்கவியலாத முதியோர் அன்று இரண்டு மணி நேரம் பேருந்திலேயே வெயிலில் அமர்ந்திருந்தனர். அவர்க்கு நிழலும் இருக்கையும் முன்னரே பார்த்து வைக்கப்பட வேண்டும். புறப்படுமுன் ஒரு மாலை, இவ்விடத்திலேயே படங்களைக் காட்டி யாம் பேசுவோம். அதற்குமுன் தனியே இருமுறையேனும் சென்று, தூண் எது எனக் கண்டு வருவோம். தமக்குத் தெரியாததைக் காட்டப் புறப்படுதல் ஆற்றுப்படை ஆகாதன்றோ?

வினாவிய இளைஞர் இன்று இவ்வவையில் இல்லை. இவ்வாரம் அவருக்கு இரவு ஷிப்டாம். ஆதலின் இவ்வுரையை நம் மாத இதழில் அச்சிட்டு அவர் வீட்டுக்குத் தவறாது அனுப்புமாறு ஆசிரியரை வேண்டுகின்றோம். பயண நாளை உறுதி செய்யுமுன், செயலாளர் அவர்கள் தொழிற்சாலைப் பிள்ளைகளின் ஷிப்டு அட்டவணையைக் கேட்டு வாங்குவாராக.