மழை இரவும் நம் மூச்சும்

(நமது சங்கத்தின் கூட்டத்தில் ஆற்றிய உரை)

மன அமைதி பற்றிப் பத்து நிமிடம் பேசுங்கள் சார் என்று செயலாளர் கேட்டுக்கொண்டார். நான் பி.காம். படித்து, வங்கியில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவன். சாமியாரும் இல்லை, டாக்டரும் இல்லை. அதற்குத் தக்க அளவில் எடுத்துக்கொள்ளுங்கள்.

பீர்க்கன்கரணையில் கவலைக்கு என்று ஒரு சீசன் உண்டு. ஐப்பசியில் வானம் இருண்டால் போதும், ஏரியில் தண்ணீர் எவ்வளவு, முடிச்சூர் பக்கம் எப்படி என்று வாட்ஸ்அப் குரூப்பில் ஆரம்பித்துவிடுவோம். 2015 டிசம்பரை யாரும் மறக்கவில்லை. 2023-ல் மிக்ஜாம் வந்து மறுபடி ஞாபகப்படுத்திவிட்டுப் போனது. காரை மேட்டில் நிறுத்துவது, மாத்திரை வாங்கி வைப்பது எல்லாம் செய்ய வேண்டிய வேலை. அதைச் செய்து முடித்த பிறகும் இரவு இரண்டு மணிக்கு எழுந்து ஜன்னலருகே நிற்கிறோமே, அதைப் பற்றித்தான் பேச வந்தேன். பிள்ளைகள் வெளிநாட்டில் இருக்க, வயதான இருவர் மட்டும் இருக்கும் வீடுகளில் இது அதிகம்.

அந்த நேரத்தில் உடம்பைக் கவனித்துப் பாருங்கள். தாடை இறுகியிருக்கும். தோள் மேலே ஏறியிருக்கும். மூச்சு மார்போடு நின்றுவிடும். ஆபத்து என்றால் ஓடுவதற்குத் தயாராக உடம்பு அட்ரினலினைச் சுரக்கிறது. வெள்ளம் வந்தாலும் சுரக்கும், வரும் என்று நினைத்தாலும் சுரக்கும். நெஞ்சு படபடத்ததும், பார், ஏதோ நடக்கப்போகிறது என்கிறது மனசு. உடனே படபடப்பு இன்னும் ஏறுகிறது. வங்கிக்காரன் பாஷையில் சொன்னால் கூட்டு வட்டி.

இதற்கு வழி காட்டியவர்களில் எனக்குப் பிடித்தவர் ஒரு கணக்குக்காரர். பர்மாவில் ஊ பா கின் என்பவர். அக்கவுண்டன்ட் ஜெனரல் ஆபீசில் குமாஸ்தாவாகச் சேர்ந்தார். 1937-ல், சயா தெட்ஜி என்ற விவசாயி ஒருவரிடம் தியானம் கற்றார். 1948 ஜனவரி 4, பர்மா சுதந்திரம் பெற்ற நாளில், அக்கவுண்டன்ட் ஜெனரல் ஆனார். வேலையை விடவில்லை, ஆபீஸ் ஊழியர்களுக்கே தியானம் சொல்லிக்கொடுத்தார். கடுமையான ஒற்றைத் தலைவலியோடு 1955-ல் அவரிடம் போன வியாபாரிதான் எஸ்.என். கோயங்கா. அவர் 1969-ல் இந்தியா வந்து விபஸ்ஸனா முகாம்களைத் தொடங்கினார். நமக்கு அதிக தூரமில்லாத திருமுடிவாக்கத்திலும் தம்ம சேது என்று ஒரு மையம் இருக்கிறது. பத்து நாள், பேச்சு கிடையாது, கட்டணமும் கிடையாது. பத்து நாள் எல்லோருக்கும் ஒத்துவரும் என்று நான் சொல்லமாட்டேன். வீட்டில் நோயாளியை வைத்துக்கொண்டு யார் போக முடியும்?

வீட்டிலேயே செய்யக்கூடியது ஒன்று உண்டு. மூக்கு நுனியில் காற்று வந்து போவதை மட்டும் பாருங்கள். இழுத்துப் பிடிக்க வேண்டாம். நான் ஒன்று முதல் பத்து வரை எண்ணுவேன். அது அந்த முகாம் முறை அல்ல, என் பழக்கம். கவுண்டரில் நோட்டு எண்ணும்போது கவனம் போனால் என்ன செய்வோம்? திட்டிக்கொண்டு உட்காரமாட்டோம், கட்டை மறுபடி முதலிலிருந்து எண்ணுவோம். இங்கேயும் அவ்வளவுதான். மணிக்கட்டில் நாடியைப் பிடித்துப் பாருங்கள்: மூச்சை விடும்போது துடிப்பு சற்று மெதுவாவது சிலருக்கு விரலிலேயே தெரியும். அதனால் இழுப்பதைவிட விடுவது கொஞ்சம் நீளமாக இருக்கட்டும். பயம் வந்தால் விரட்ட வேண்டாம். வயிற்றில் இருக்கிறதா, தொண்டையில் இருக்கிறதா என்று பார்த்தால் போதும்.

ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்லிவிடுகிறேன். நெஞ்சு வலித்தால் மூச்சைப் பார்த்துக்கொண்டு உட்காராதீர்கள், 108-க்கு போன் செய்து இ.சி.ஜி. எடுங்கள். வாரக்கணக்கில் தூக்கமே இல்லை என்றால் மனநல மருத்துவரைப் பாருங்கள், அதில் வெட்கம் ஒன்றுமில்லை. வெளியே போகத் தயக்கமாக இருந்தால் மத்திய அரசின் டெலி மானஸ் இருக்கிறது, எண் 14416. இலவசம், தமிழிலேயே பேசலாம்.

இப்போது ஐந்து நிமிடம் உட்காரலாம். முழங்கால் வலி உள்ளவர்கள் நாற்காலியிலேயே இருங்கள். யாருடைய செல்போனாவது அடித்தால் அடிக்கட்டும். அது காதில் விழுவதையும் சேர்த்தே கவனிப்போம்.