தாயை இழந்த பிள்ளைகளும் தற்செயலாய் வந்த பணமும்

(மன்ற ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



இந்த மேடையிலே சிறுவர் நாவல் ஒன்றைப் பற்றிப் பேச வந்திருக்கின்றோம். பெரியோர் கூடியுள்ள சபையில் சிறுவர் கதைக்கு என்ன வேலை என்று சிலர் எண்ணக்கூடும். சற்றுப் பொறுத்துக் கேளுங்கள். முடிவில் இது நம் கடற்கரைக்கும் உரிய கதை என்று நீங்களே கூறுவீர்கள்.

நூலின் பெயர் 'மில்லியன்ஸ்'. எழுதியவர் இங்கிலாந்தின் லிவர்பூல் பகுதியைச் சேர்ந்த பிராங்க் கொட்ரெல் போய்ஸ். திரைப்படத்துக்கெனத் தாம் புனைந்த கதையை அவரே நாவலாகவும் எழுதினார். இரண்டும் 2004ஆம் ஆண்டில் வெளிவந்தன. சிறுவர் இலக்கியத்துக்கு அந்நாட்டில் வழங்கப்படும் கார்னெகி பதக்கம் இந்நூலுக்குக் கிடைத்தது. 2004 என்ற ஆண்டை நாம் ஏன் அழுத்திக் கூறுகின்றோம் என்பது இச்சபைக்குச் சொல்லாமலே விளங்கும்.

கதை இதுதான். அந்தனி, டேமியன் என இரு சகோதரர். தாய் இறந்துவிட்டாள். தந்தை பிள்ளைகளோடு ஒரு புதுவீட்டுக்குக் குடிபோகிறார். இளையவன் டேமியன் புகையிரதப் பாதையோரத்தில் அட்டைப் பெட்டிகளால் சிறு குடில் அமைத்து, அதிலே தனித்திருப்பான். நம் பிள்ளைகள் நாயன்மார் வரலாறுகளைச் சொல்வது போல, அவன் தன் சமயத்துப் புனிதர் வரலாறுகளை ஆண்டோடு சொல்லுவான். அப்புனிதர்கள் அவன் கண்ணுக்குத் தோன்றுகின்றனர். அவர்களிடம் அவன் அறிய விரும்புவது, தன் தாயை அவர்கள் அங்கே கண்டார்களா என்பதுதான்.

ஒருநாள் ஓடும் புகையிரதத்திலிருந்து ஒரு பை அக்குடிலின்மேல் வந்து விழுகிறது. உள்ளே 229,370 பவுண்! கதையிலே இங்கிலாந்து பவுணைக் கைவிட்டு யூரோ நாணயத்துக்கு மாறப் போகிறது. மெய்யுலகில் அவ்வாறு நடக்கவில்லை, கதையில் அப்படி. சில நாள்களுக்குள் செலவழிக்காவிடில் அத்தனையும் வெறுங் கடதாசி.

மூத்தவன் அந்தனி காரியக்காரன். தாய் இறந்துவிட்டாள் என்று சொன்னால் எவரும் இளகி எதையும் கொடுப்பார்கள் என்பதைப் பணம் வருமுன்னரே கண்டுபிடித்தவன். பணம் வந்ததும் பாடசாலையில் அதை வீசுகிறான். அங்கே பண்டங்களின் விலை ஏறுகிறது. இளையவன் ஏழைகளுக்குக் கொடுக்க விரும்புகிறான். ஆனால் ஏழை யாரென்று அவனுக்குத் தெரியவில்லை. எளிமையாக வாழும் அயல்வீட்டுச் சமய ஊழியர்க்குக் கொடுக்க, அவர்கள் வீட்டுச் சாமான்களை வாங்கிக் குவிக்கிறார்கள்.

அன்பர்களே, இனி நம் கதைக்கு வருவோம். 2004 டிசெம்பர் 26ஆந் திகதி, ஞாயிற்றுக்கிழமை காலை, கடல் வந்தது. இலங்கையிலே மிகுதியான உயிர்களை இழந்தது நம் அம்பாறை மாவட்டந்தான். பெரியநீலாவணை, மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு என்று ஊர் ஊராகக் கடல் வாரிச் சென்றது. 'அம்மா' என்று அழுத பிள்ளையையும் 'உம்மா' என்று அழுத பிள்ளையையும் அது பிரித்துப் பார்க்கவில்லை.

பிறகு பணம் வந்தது. இறந்த ஒருவருக்கு ஈமச்செலவாக அரசு 15,000 ரூபா கொடுத்தது. முற்றாக அழிந்த வீட்டுக்கு 250,000 ரூபா என்றார்கள். வெளிநாட்டு உதவியும் வந்து குவிந்தது. அதனால் பசியாறினோம், கூரை கண்டோம், நன்றி மறக்கலாகாது. ஆயினும் எல்லாரும் ஒரே காலத்தில் வீடு கட்டத் தொடங்கவே மேசன் கூலியும் சீமெந்து விலையும் ஏறின. நாட்டின் கரைகளிலே கடலுக்குப் போகாதவர் சிலருக்கும் தோணி கிடைத்தது. அக்கரைப்பற்று நுரைச்சோலையில் சவூதி அரேபிய உதவியுடன் கட்டிய 500 வீடுகள், யாருக்குக் கொடுப்பது என்பது வழக்காகி, ஆண்டுக்கணக்கில் பூட்டிக் கிடந்தன. மூத்தவன் செய்த பிழையும் இளையவன் செய்த பிழையும் இங்கேயும் நடந்தன.

இவற்றினும் பெரிய பிழை ஒன்று உண்டு. வாகனம் வந்து நிற்கும்; படப்பெட்டியோடு ஒருவர் இறங்குவார். பெரியவர்களாகிய நாமே பிள்ளையை முன்னே தள்ளி, "சொல்லு மனே, அம்மாவுக்கு என்ன நடந்ததெண்டு சொல்லு" என்போம். பிள்ளை சொல்லும். பொதி கிடைக்கும். மறுநாளும் சொல்லும். அந்தனி தானே கற்றுக்கொண்ட வித்தையை நம் பிள்ளைகளுக்கு நாம் கற்பித்தோம். பொதிக்காகச் சொல்லிச் சொல்லி, தாயை நினைந்து அழவேண்டிய சொல்லே அப்பிள்ளைகளுக்குத் தேய்ந்து போயிற்று.

இளையான்குடி மாறனாரை எண்ணிப் பாருங்கள். மழையிரவில் வந்த அடியவருக்கு உணவளிக்க, விதைத்த நெல்லையே வாரி வந்தார். தம்முடையதைக் கொடுத்தார்; பசித்தவர் முகத்தைப் பார்த்துக் கொடுத்தார். பசியின் வரலாற்றைச் சொல் என்று அவரைத் திண்ணையில் நிறுத்தவில்லை.

நாவலின் முடிவில் டேமியன் பணத்துக்குத் தீ வைக்கிறான். அப்போதுதான் தாய் அவன்முன் தோன்றிப் பேசுகிறாள். எஞ்சிய பணம் ஆபிரிக்காவில் கிணறு தோண்டச் செல்கிறது.

கிணறு என்றதும் நம் வளவுக் கிணறுகள் நினைவுக்கு வருகின்றன. கடல் புகுந்து அவை உப்பாயின. நல்ல மனத்தோடுதான் இறைத்தோம். இயந்திரம் வைத்தும் மீண்டும் மீண்டும் இறைத்தோம். அளவு மிஞ்சி இறைத்தால் உப்புநீரே மேலும் ஊறி வரும் என்று ஆராய்ந்தவர்கள் பின்னர் கூறினார்கள். மாரி மழை பெய்து பெய்துதான் மண்ணின் உப்புக் கழுவுண்டது. பிள்ளையின் துயரமும் அப்படித்தான். இறைக்க இறைக்க உப்பு ஊறும். அருகிருந்து காத்திருப்பாருக்கே நன்னீர் கிடைக்கும்.

ஆகவே மன்றத்து இளைஞர்களை ஒன்று கேட்கின்றோம். தாய் தந்தையரை இழந்த மாணவருக்குக் கொப்பியும் உடுப்பும் கொடுங்கள், குறையாமல் கொடுங்கள். ஆனால் மேடைக்கு அழைத்துக் கொடாதீர்கள். இழப்பை ஒலிபெருக்கியில் அறிவியாதீர்கள். மாலையில் அவர்கள் வீட்டுக்குச் செல்லுங்கள். கணக்குச் சொல்லிக் கொடுங்கள். தாயைப் பற்றி அப்பிள்ளை தானாகப் பேசும் நாளிலே, எழுந்து போகாமல் இருந்து கேளுங்கள். கடல் வந்த காலத்தில் நாம் செய்யத் தவறியது அது. அதைச் செய்யப் பணம் வேண்டியதில்லை.