வாந்தி மருந்து எதற்காக?

ராத்திரி பத்து மணிக்கு மருந்துக்கடையில் போய் நின்று, "பிள்ளைக்கு வாந்தி நிக்கவே மாட்டேங்குது, ஏதாவது சிரப் குடுங்க" என்று கேட்காத பெற்றோர் நம் ஊரில் குறைவு. கடைக்காரரும் எடுத்துக் கொடுத்துவிடுகிறார். அது என்ன மருந்து, உள்ளே போய் என்ன செய்கிறது என்று வாங்குகிறவரும் கேட்பதில்லை, விற்கிறவரும் சொல்வதில்லை.

குழந்தைகளுக்குத் திடீரென்று வரும் வாந்திக்குப் பெரும்பாலும் குடலைத் தாக்கும் வைரஸ்தான் காரணம். முதலில் வாந்தி வரும். ஓரிரு நாளில் அடங்கிவிடும். பேதி பின்னால் வந்து இன்னும் சில நாள் இழுக்கும். வைரஸை உடம்பே விரட்டிக்கொள்ளும். ஆபத்து வருவது, வெளியேறிப் போகிற தண்ணீராலும் உப்பாலும்தான். அதை ஈடுகட்டத்தான் ஓ.ஆர்.எஸ். என்னும் உப்பு-சர்க்கரைக் கரைசல். 1971இல், கிழக்கு வங்கத்திலிருந்து அகதிகள் வந்து குவிந்த பங்காவ்ன் நகரில் காலரா பரவியது. நரம்பில் ஏற்றுவதற்கு சலைன் போதவில்லை. டாக்டர் திலீப் மகலநோபிஸ் உப்பும் சர்க்கரையும் கலந்த தண்ணீரைப் பீப்பாய்களில் நிரப்பி, குடிக்கக் கொடுத்தே ஏராளமானவர்களைப் பிழைக்கவைத்தார். அந்தக் காலரா நோயாளிகளும் வாந்தி எடுத்துக்கொண்டிருந்தவர்கள்தான்.

நம் வீட்டில் நடப்பது வேறு. தாகத்தில் தவிக்கிற பிள்ளைக்கு ஒரு டம்ளர் நிறையக் கொடுக்கிறோம். ஒரே மடக்கில் குடித்ததும் அத்தனையும் திரும்பி வருகிறது. "எதுவுமே உள்ளே தங்கலை" என்று பயந்து, கொடுப்பதையே நிறுத்திவிடுகிறோம். வாந்தி மருந்துக்கு ஒரு வேலை இருக்கிறது என்றால் இந்த இடத்தில்தான். ஓ.ஆர்.எஸ். உள்ளே தங்குவதற்கு அது கொஞ்ச நேரம் வாங்கித் தருகிறது. மருந்தைக் கொடுத்துவிட்டு, வாந்தி நின்றது என்று பிள்ளையை வெறும் வயிற்றோடு தூங்கவைத்தால் மருந்து கொடுத்ததே வீண்.

எல்லா வாந்தி மருந்தும் ஒன்றல்ல. இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். மெட்டோகுளோபிரமைடு என்று ஒரு பழைய மருந்து. மூளையில் டோபமைன் வேலை செய்யும் இடங்களை அது அடைக்கிறது. சில குழந்தைகளுக்கு இதனால் கழுத்து ஒரு பக்கமாகத் திருகிக்கொள்ளும், கண் மேலே செருகும், நாக்கு வெளியே தள்ளும். நினைவு தெளிவாகவே இருக்கும். பார்க்கிறவர்கள் வலிப்பு என்பார்கள். காத்து கருப்பு அண்டிவிட்டது என்று மந்திரிக்கத் தூக்கிப் போனவர்களும் உண்டு. மருந்தின் விளைவு என்று தெரிந்த டாக்டர் ஓர் ஊசி போட்டால் சிறிது நேரத்தில் சரியாகிவிடும். ஒரு வயதுக்குக் கீழே இந்த மருந்து கூடவே கூடாது என்று ஐரோப்பிய மருந்து முகமை 2013இல் சொல்லிவிட்டது. புரோமெத்தசின் இரண்டு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளின் மூச்சையே மந்தமாக்கிவிடலாம்.

டாம்பெரிடோன் கதைதான் எனக்கு வியப்பு. பல வீட்டு அலமாரிகளில் இருக்கும் சிரப் அது. ஓர் ஆய்வில், வைரஸ் வாந்தி வந்த குழந்தைகளில் ஒரு பகுதியினருக்கு ஓ.ஆர்.எஸ்.ஸோடு டாம்பெரிடோனும், மற்றவர்களுக்கு ஓ.ஆர்.எஸ்.ஸோடு மருந்தில்லாத வெற்றுத் திரவமும் கொடுத்துப் பார்த்தார்கள். பலனில் வித்தியாசமே தெரியவில்லை. இதயத்துடிப்பைக் குழப்பலாம் என்ற கவலை ஏற்கெனவே இருந்தது. 2019இல் பிரிட்டன், 12 வயதுக்குக் கீழே இது வேண்டாம் என்று அறிவித்தது. இங்கே இன்னமும் சாதாரணமாகப் புழங்குகிறது.

இப்போது குழந்தை மருத்துவர்கள் அதிகம் எழுதுவது ஆன்டான்செட்ரான். புற்றுநோய்ச் சிகிச்சையில் வரும் கடும் வாந்திக்காக வந்த மருந்து. 1991இல் அமெரிக்காவில் அனுமதி பெற்றது. வைரஸ் தாக்கிய குடல், செரோட்டோனினைக் கொட்டுகிறது. அந்தத் தகவல் நரம்பு வழியாக மூளைக்கு ஏறித்தான் குமட்டலும் வாந்தியும் வருகின்றன. செரோட்டோனின் போய் உட்காரும் இடத்தை ஆன்டான்செட்ரான் முன்கூட்டியே பிடித்துக்கொள்கிறது. பழைய மருந்துகளைப் போலப் பிள்ளையைத் தூங்கவும் வைக்காது. (கொடைக்கானல் பஸ்ஸில் வரும் வாந்திக்கு இதைக் கொடுத்துப் பயனில்லை. அந்தக் குமட்டல் கிளம்புவது காதுக்குள் இருக்கும் சமநிலை உறுப்பிலிருந்து, வழியே வேறு.)

2006இல் சிகாகோ மருத்துவர்களின் ஆய்வு ஒன்று வெளிவந்தது. வாந்திபேதியோடு அவசரப் பிரிவுக்கு வந்த 215 குழந்தைகளில் பாதிப்பேருக்கு நாக்கிலேயே கரையும் ஆன்டான்செட்ரான் மாத்திரை ஒரே ஒரு தடவை. மற்றவர்களுக்கு வெற்று மாத்திரை. அதன்பின் எல்லோருக்கும் வாய்வழித் திரவம். மருந்து எடுத்தவர்களில் 14 சதவீதம் பேரே அங்கிருக்கும்போது வாந்தி எடுத்தார்கள்; மற்றவர்களில் 35 சதவீதம். ட்ரிப்ஸ் ஏற்ற வேண்டி வந்ததும் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. ஊசி குத்தப் பிஞ்சுக் கையில் நரம்பு தேடும் வேதனையைப் பார்த்தவர்களுக்கு அதன் அருமை புரியும். ஆனால் மருந்து எடுத்தவர்களுக்குப் பேதி சற்றுக் கூடுதலாகப் போனது. உடம்பில் நீர் குறையாத பிள்ளைகளுக்கு இதனால் பெரிய பலன் இல்லை என்று பாகிஸ்தானில் நடந்த ஆய்வு பின்னாளில் காட்டியது. இரண்டு தடவை வாந்தி எடுத்து, விளையாடிக்கொண்டும் இருக்கிற குழந்தைக்கு இது எதற்கு?

அளவு, பிள்ளையின் எடையைப் பொறுத்தது. அண்ணனுக்குப் போன வருடம் எழுதிய பாட்டிலைத் தங்கைக்குத் திறக்காதீர்கள். குழந்தைக்கோ குடும்பத்தில் யாருக்குமோ பிறவியிலேயே இதயத்துடிப்புக் கோளாறு இருந்தால் டாக்டரிடம் முதலில் அதைச் சொல்லுங்கள்.

மருந்து கொடுத்துக் கால்மணி நேரம் பொறுங்கள். பிறகு ஓ.ஆர்.எஸ்.ஸை ஸ்பூனால், கைக்குழந்தைக்குப் பாலாடையால், இரண்டு நிமிடத்துக்கு ஒரு தடவை ஊட்டுங்கள். மறுபடி வாந்தி வந்தால் பத்து நிமிடம் விட்டு, இன்னும் மெதுவாக. ஒரு மணி நேரம் உட்கார்ந்து செய்கிற வேலை. கை வலிக்கத்தான் செய்யும். தாய்ப்பாலை நிறுத்த வேண்டாம். பெரிய பாக்கெட் என்றால் ஒரு லிட்டர் தண்ணீரில் முழுவதையும் கலக்க வேண்டும்; கொஞ்சம் கொஞ்சமாகக் கொட்டிக் கலந்தால் உப்பின் அளவு மாறிவிடும். பழச்சுவையோடு டெட்ரா பேக்கில் வரும் இனிப்புப் பானங்கள் ஓ.ஆர்.எஸ். அல்ல. அவை அந்தப் பெயரைப் போட்டுக்கொள்ளக் கூடாது என்று இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2025 அக்டோபரில் உத்தரவு போட்டிருக்கிறது.

கடைசியாக, சிரப்பைத் தொடவே கூடாத வாந்திகள். பச்சை நிறத்தில் வருவது, ரத்தம் கலந்து வருவது, தலையில் அடிபட்டபின் வருவது, காலையில் தலைவலியோடு தினமும் வருவது, மூச்சு வாங்கிக்கொண்டு வருவது. ஆறேழு மணி நேரமாகச் சிறுநீர் போகாமல், கண் உள்வாங்கி, பிள்ளை துவண்டு கிடந்தாலும் வீட்டில் வைத்துப் பார்க்கக் கூடாது. பிறந்து சில வாரமே ஆன குழந்தை, பால் குடித்ததும் பீய்ச்சி அடிப்பதுபோல் கக்கினால் இரைப்பையின் கீழ்வாய் தடித்து அடைத்திருக்கலாம், அதற்கு ஆபரேஷன்தான். கிராமங்களில் குடலேற்றம் என்று சொல்லி வயிற்றில் எண்ணெய் தடவி நீவிவிடுகிறார்கள். விட்டுவிட்டு வீறிட்டு அழுது, காலை மடக்கி, வாந்தியோடு ரத்தமும் சளியுமாய் வெளிக்குப் போகிற கைக்குழந்தைக்கு, குடலின் ஒரு பகுதி மற்றொரு பகுதிக்குள் சொருகிக்கொண்டிருக்கலாம். சீக்கிரம் கொண்டுபோனால் பெரும்பாலும் கத்தி வைக்காமலே அதைச் சரிசெய்துவிடுவார்கள். நேரம் போகப்போக அந்த இடத்துக் குடல் ரத்த ஓட்டம் இல்லாமல் அழுகிவிடும். அந்த நேரத்தில் நீவிவிடுவதும், சிரப் ஊற்றி வாந்தியை அடக்கி வைப்பதும் ஆஸ்பத்திரிக்குக் கிளம்புவதைத்தான் தள்ளிப்போடுகின்றன.