ஒளியைப் படித்தவர்



ஒரு பள்ளியிலும் காலூன்றிப் படிக்காத ஒருவரை, ஓய்வு பெற்ற தலைமையாசிரியன் புகழ்ந்து பேசுவது உங்களுக்கு விந்தையாகத் தோன்றலாம். ஆயினும் பேசத்தான் போகிறேன்.

ஜாக் கார்டிஃப் 1914ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் கடற்கரை ஊராகிய கிரேட் யார்மத்தில் பிறந்தார். பெற்றோர் ஊர் ஊராகச் சென்று ஆடிப்பாடிய மேடைக் கலைஞர்கள். அவர்களோடு மகனும் அலைந்தான். பள்ளிகள் மாறிக்கொண்டே இருந்தன. ஆனால் ஓவியக்கூடங்கள் அவனை ஈர்த்தன. ரெம்பிராண்ட், வெர்மீர் முதலியோர் முகத்தின் எப்பக்கத்தில் ஒளியை வீழ்த்தினர், நிழலை எங்கே தேக்கினர் என்று கூர்ந்து நோக்கினான்.

1936இல் டெக்னிக்கலர் நிறுவனத்தார் வண்ண ஒளிப்பதிவைப் பயிற்றுவிக்க ஆள் தேடினர். கருவி நுட்பமும் கணக்கும் தமக்குத் தெரியா என்று கார்டிஃப் ஒளிக்காமல் உரைத்தார். பின் எதுதான் தெரியும் என்றனர். ஓவியங்களில் ஒளியைப் பயின்றிருக்கிறேன் என்றார். அவரையே தேர்ந்தெடுத்தனர்! அந்த நாற்காலியில் நான் அமர்ந்திருந்தால் அவரைத் திருப்பி அனுப்பியிருப்பேன். நாணத்துடன் இதை ஒப்புக்கொள்கிறேன்.

பின்னர் நாடு நாடாகச் சென்று வண்ணப் பயணப் படங்கள் எடுத்தார். நம் பாரத நாட்டிற்கும் வந்தார். போர்க்காலத்தில் வாய்த்ததோ கடுமையான பணி. கப்பல் மூழ்கியபின் உயிர்காக்கும் படகில் தத்தளிக்கும் மாலுமிகளைப் பற்றிய படம் அது, பெயர் 'வெஸ்டர்ன் அப்ரோச்சஸ்', 1944இல் வெளிவந்தது. நடிகர் எவருமிலர்; உண்மை மாலுமிகளே தோன்றினர். மூன்று படச்சுருள்கள் ஒருங்கே ஓடும் பெரும் கருவியைச் சிறு படகில் ஏற்றி, ஐரிஷ் கடலின் அலைகளுக்கிடையே பல மாதங்கள் படம் பிடித்தனர். குமட்டலும் குளிரும் அவர்களை வாட்டின. அங்கே விளக்கை விரும்பியபடி நகர்த்த இயலாது. வானம் தந்த ஒளியே ஒளி.

அடுத்த சில ஆண்டுகளில் நிகழ்ந்தது இதற்கு நேர்மாறு. இமயமலைச் சாரலில் நிகழும் 'பிளாக் நார்சிசஸ்' என்னும் கதைப்படம் 1947இல் வெளியாயிற்று. படக்குழு இமயத்தின் பக்கமே வரவில்லை! லண்டனுக்கு அருகிலுள்ள பைன்வுட் படப்பிடிப்பு நிலையத்தில், பெரிதாக்கிய கறுப்பு வெள்ளைப் புகைப்படங்களுக்கு வண்ணச் சுண்ணம் பூசி மலைகளாக நிறுத்தினர். அவற்றுக்கு வைகறையும் அந்தியும் தந்தவர் கார்டிஃப். அவ்வொளிப்பதிவுக்கு ஆஸ்கார் பரிசு கிடைத்தது. 2001இல் அவர் வாழ்நாள் பணிக்காக மீண்டும் ஓர் ஆஸ்கார் விருது வழங்கினர். 2009இல் மறைந்தார்.

அப்படத்தைக் காணும் வாய்ப்பு நேரின், ஒருமுறை கதையை மறந்துவிட்டு, சன்னல் வழியே வரும் ஒளி கன்னிமார் முகத்தில் எப்பக்கம் விழுகிறது என்று மட்டும் பாருங்கள்.