கருவண்டை விரட்டாதீர்கள்!

சாத்தான்குளம், உடன்குடிப் பக்கத்துத் தேரிமண்ணிலே முருங்கை போட்டிருக்கிற நீங்கள் தினமும் பார்க்கிற இரண்டு ஜீவன்களைப் பற்றி இன்று பேசுகிறேன்.

ஒன்று தேனீ. ராணி, ஆயிரக்கணக்கான வேலைக்காரத் தேனீக்கள் என்று பெருங்குடும்பமாக வாழும். மற்றது, விர்ரென்று இரைந்து வரும் கருவண்டு. இதுவும் தேனீ இனம்தான். ஆனால் பெருங்கூட்டம் கிடையாது, தேனடையும் கிடையாது. பட்ட மரத்தையும் மூங்கிலையும் குடைந்து, பெண் வண்டே தன் குஞ்சுகளுக்கு மகரந்த உருண்டை சேர்த்து வைக்கும். இமயமலையிலும் மேல்நாடுகளிலும் பம்பிள் தேனீ செய்கிற வேலையை நம் சமவெளியில் இது செய்கிறது.

"தேனீப் பெட்டி இருக்கிறதே, வண்டு எதற்கு?" என்பீர்கள். கத்தரி, தக்காளிப் பூவில் மகரந்தம் குழலுக்குள் அடைபட்டிருக்கும். கருவண்டு பூவைப் பிடித்து அதிரவைத்தால் உப்புத்தூள் மாதிரிக் கொட்டும். தேனீக்கு அந்த வித்தை தெரியாது. முருங்கைப் பூவிலும் கனத்த வண்டு உட்கார்ந்தால், மகரந்தம் அதன் உடம்பில் ஒட்டி அடுத்த மரத்துக்குப் போய்ச் சேரும். சூரியகாந்திக்கும் கொத்தமல்லிக்கும் தேனீ நல்ல துணை.

இரண்டுக்கும் சண்டையா? பெரிதாக இல்லை. நீளக்குழல் பூக்கள் சிலவற்றில் வண்டு அடியிலே கீறித் தேன் குடிக்கும். பிறகு தேனீயும் அதே கீறலில் குடிக்கும். அப்போது மட்டும் பூவுக்கு லாபமில்லை.

ஆகவே, பூக்கும் பருவத்தில் காலையில் மருந்து அடிக்காதீர்கள். தவிர்க்க முடியாவிட்டால் அந்தி சாய்ந்தபின் அடியுங்கள். வேலியோரம் நாலைந்து பட்ட கட்டைகளை எரிக்காமல் விடுங்கள். வீட்டு உத்திரத்தைத் துளைத்தால் பெயிண்ட் பூசுங்கள். வண்டைக் கொன்றுவிட்டு, பிஞ்சு பிடிக்கவில்லையே என்று உரத்தைக் குறை சொல்லிப் பயனில்லை.